காரணம் எழுதும் கட்டம்

மேரிலாண்ட்,
மே 6

அன்பு மகன் காரெட்டுக்கு,

அப்பா எழுதுகிறேன். நீயும் பெத்தும் ஹவாய் போய்ச் சேர்ந்து இரண்டு வாரம் ஆகிறது. விமானத்தில் வாந்தி எடுத்துக்கொண்டே வந்ததாக பெத் சொன்னாள். உன்னைச் சுமந்தபோது உன் அம்மாவுக்கும் இப்படித்தான் இருந்தது. உப்பு பிஸ்கட்டைத் தலையணைக்குப் பக்கத்தில் வைத்துக்கொண்டு, விழித்ததும் ஒன்றைக் கடித்த பிறகுதான் லொரெய்ன் தரையில் கால் வைப்பாள். பெத்திடம் சொல்லிப் பார்.

எனக்கு உடம்புக்கு ஒன்றுமில்லை. பின்பக்கக் கூரையில் ஒழுகிய இடத்தை அடைத்துவிட்டேன். நீ வாங்கிக் கொடுத்த ஆணிகளில் பாதி மிச்சமிருக்கிறது.

தொலைபேசியில் பேசாமல் ஏன் தாளில் எழுதுகிறேன் என்பது உனக்குப் புரியும். தபால்தலை ஒட்டி மூடிய உள்நாட்டுக் கடிதத்தைப் பிரிக்க நீதிபதியின் உத்தரவு வேண்டும் என்று வருடாவருடம் பதினோராம் வகுப்பில் சொல்வேன். கிட்டத்தட்ட நூற்றைம்பது வருடமாக இருக்கிற விதி. பிள்ளைகள் கொட்டாவி விடுவார்கள்; நீயும் விட்டாய், ஜன்னலோர இரண்டாவது இருக்கையில். அந்தப் பழைய விதியை நம்பித்தான் இந்த உறையை ஒட்டப்போகிறேன்.

எதையும் பேசுவதற்கு முன் நடந்ததை வரிசையாகப் பலகையில் எழுதிக்கொள்வது என் பழக்கம். இதிலும் அப்படியே செய்கிறேன். தவறிருந்தால் திருத்து.

ஜனவரியில் உன்னிடம் சொன்னேன், ஏத்தெரியை மணந்துகொள்ளப் போகிறேன் என்று. நம் பள்ளிக்கு ஆறு வாரப் பரிமாற்ற ஆசிரியையாக அவள் வந்தபோது உனக்கு ஒன்பது வயது. அவள் ஜார்ஜியாவிலிருந்து வந்தவள் என்றதும் பிள்ளைகள் நம் தெற்கு மாநிலம் என்று நினைத்து பீச் பழத்தைப் பற்றிக் கேட்டார்கள். கருங்கடல் ஓரத்தில் அதே பெயரில் ஒரு நாடு இருப்பதை அவள் வரைபடத்தில் காட்ட வேண்டியிருந்தது. அதன் பிறகு இருபத்தொன்பது வருடம் எங்களுக்குள் கடிதம்தான். உன் அம்மாவும் அவளுக்கு எழுதியிருக்கிறாள். அம்மா போன பிறகு நான் மட்டும் எழுதினேன். பத்தூமி துறைமுகத்தில் ஒரு கப்பல் அலுவலகத்தில் அவள் மொழிபெயர்ப்பு வேலை பார்க்கிறாள். வீட்டில் இணையம் சரியில்லை என்று அலுவலக மின்னஞ்சல் முகவரியிலிருந்தே எனக்கு எழுதுவாள். கதை முழுவதும் அந்த முகவரியில்தான் இருக்கிறது. அந்த அலுவலகத்து முதலாளியின் சரக்கு எங்கே போகிறது என்று நம் நாடு பார்த்துக்கொண்டிருந்தது. அது அவளுக்கும் தெரியாது, எனக்கும் தெரியாது.

வெளிநாட்டில் இருக்கிற வெளிநாட்டுக்காரரின் கடிதங்களை எடுக்க, ஆளுக்கு ஒரு நீதிமன்ற உத்தரவு தேவையில்லை. அந்த வலையில் என்னைப் போன்ற அமெரிக்கர் எழுதியதும் சேர்ந்து விழும். விழுந்ததில் ஓர் அமெரிக்கரின் பெயரைப் போட்டுத் தேட வேண்டுமானால் மட்டும், ஏன் தேடுகிறாய் என்று ஒரு கட்டத்தில் காரணம் எழுத வேண்டும். இவ்வளவும் அச்சில் இருக்கிறது. நானே வகுப்பில் சொல்லிக்கொடுத்ததுதான்.

பிப்ரவரியில், அந்த வலையில் விழுந்ததைப் படிக்கும் வேலையில் இருக்கிற நீ, என் முகவரியைப் போட்டுத் தேடினாய்.

மார்ச் முதல் வாரம் இரண்டு பேர் வீட்டுக்கு வந்தார்கள். ஒருவர் பேசவே இல்லை. இன்னொருத்தியை எனக்கு அடையாளம் தெரியவில்லை. அவளுக்குத்தான் என்னைத் தெரிந்தது. "சார், நான் ட்ரேசி கோவல். மூணாவது வரிசை. பி ப்ளஸ் போட்டு என் லீவையே கெடுத்தீங்களே, ஞாபகம் இருக்கா?" என்றாள். இன்னும் கொஞ்சம் உழைத்திருந்தால் ஏ வந்திருக்கும் என்றேன். சிரித்தாள். சமையலறையில் உட்கார்ந்து காப்பி குடித்தார்கள். அவளும் அரசாங்க வேலைதான் என்றாள். பாதிப் பேர் ரகசிய வேலையில் இருக்கிற நம் ஊரில் அதற்கு மேல் யாரும் கேட்பதில்லையே, நானும் கேட்கவில்லை. "உங்க மேல ஒரு தப்பும் இல்ல சார். எச்சரிக்கத்தான் வந்தோம். தனியா இருக்கறவங்களாப் பாத்துத்தான் இந்த மாதிரி ஆளுங்க வருவாங்க" என்றாள். ஏத்தெரியா, அவள் எனக்கு அனுப்பியதெல்லாம் வால்நட் துவையல் செய்முறைதானே என்றேன். "ஆரம்பம் அப்படித்தான் சார் இருக்கும்" என்றாள்.

காரெட், என் குற்றத்தை முதலில் எழுதிவிடுகிறேன். நான் அதை நம்பினேன். இருபத்தொன்பது வருடம் தெரிந்தவளை இருபது நிமிடத்தில் சந்தேகப்பட்டேன். அவள் விசாவுக்கு நான் எழுதித் தர வேண்டிய அழைப்புக் கடிதத்தை அனுப்பவில்லை. இரண்டு மாதம் ஒரு வரிகூட எழுதவில்லை. மார்ச் பத்தொன்பதாம் தேதி தூதரகத்தில் அவளை முக்கால் மணி நேரம் கேள்வி கேட்டார்கள், விசா இல்லை என்றார்கள், காரணம் சொல்லவில்லை. "உனக்கு ஏதாவது ஆகிவிட்டதா? நான் ஏதாவது தப்பாக எழுதிவிட்டேனா?" என்று மூன்று முறை எழுதினாள். படித்தேன். பதில் போடவில்லை.

பிறகு ஈஸ்டருக்கு நீங்கள் வந்தீர்கள். பன்றித் தொடையை நறுக்கிக்கொண்டே, எல்லாம் முடிந்துபோயிற்று, அவளுக்கு எழுதுவதை நிறுத்திவிட்டேன் என்று சொன்னேன். "நல்லதாப் போச்சு" என்றாய். இதில் உனக்கென்ன அவ்வளவு சந்தோஷம் என்று கேட்டேன். "எனக்கு என்னப்பா இருக்கு? நான்தான் ஜன்னல் இல்லாத வீடாச்சே. உள்ள வெளக்கு எரியுதா இல்லையான்னுகூடத் தெரியாது" என்றாய்.

என் கையில் கத்தி அப்படியே நின்றது. பெத் உள்ளேயிருந்து, "மாமா, உருளைக்கிழங்கு இன்னும் கொஞ்சம் கொண்டு வரட்டுமா?" என்று கேட்டாள். போதுமம்மா என்றேன். என் மகன் ஜன்னல் இல்லாத வீடு மாதிரி ஆகிவிட்டான், அம்மாவின் அடக்கத்தன்றுகூட அழவில்லை, உள்ளே விளக்கு எரிகிறதா என்று வெளியிலிருந்து தெரியவில்லை என்று நான் ஒரே ஒருத்திக்குத்தான் எழுதியிருந்தேன். வாயால் யாரிடமும் சொன்னதில்லை.

நீயும் என் முகத்தைப் பார்த்துவிட்டாய்.

மறுநாள், "ஆணி வாங்கிட்டு வரலாம்பா. போன் ரெண்டும் வீட்லயே இருக்கட்டும்" என்றாய். இரும்புக் கடையின் கார் நிறுத்துமிடத்தில், கார் கண்ணாடியை ஏற்றிவிட்டு எல்லாவற்றையும் சொன்னாய். "அவ உன்ன ஏமாத்துறாளோன்னு பயந்துட்டேன். ஒரே ஒரு தடவ பாத்தா போதும்னு நெனச்சேன். அறுபத்தொரு கடிதம் வந்துதுப்பா. நிறுத்த முடியல" என்றாய். நீ அழுததை அன்றுதான் பார்த்தேன். உன் முதுகைத் தடவிக்கொண்டிருந்தேன். அன்று சொல்லாததைச் சொல்லத்தான் இந்தக் கடிதம்.

வகுப்பில் பிள்ளைகள் மேசைக்கு மேசை கடத்தும் துண்டுச் சீட்டுகளை நான் பிடுங்கியது உனக்கு நினைவிருக்கும். முப்பத்தொரு வருடத்தில் ஒன்றைக்கூடப் பிரித்துப் படித்ததில்லை. கிழித்துக் கூடையில் போடுவேன். ஒருமுறை நீ எழுதிய சீட்டும் மாட்டியது. அதையும் படிக்கவில்லை. அதில் என்ன இருந்தது என்று இன்றுவரை எனக்குத் தெரியாது. நான் பெரிய மனிதன் என்று சொல்ல இதை எழுதவில்லை. படிக்கும் வசதி கையில் இருப்பவன் படிக்காமல் இருப்பது எவ்வளவு கஷ்டம் என்று எனக்கும் தெரியும், அதைச் சொல்லத்தான்.

நீ செய்ததில் தேடியது ஒரு பாதி. மறுபாதி, அந்தக் கட்டத்தில் எழுதிய காரணம். "மனைவியை இழந்து தனியாக வாழும் ஓய்வுபெற்ற ஆசிரியர், நெருங்கிய உறவினர் ஒருவர் ரகசியங்களைக் கையாளும் பணியில் இருக்கிறார், கண்காணிப்பில் உள்ள அலுவலகத்தைச் சேர்ந்த பெண் இவரைப் பயன்படுத்திக்கொள்ள முயலலாம்" என்று எழுதியதாகச் சொன்னாய். யோசித்துப் பார்த்தால் அதில் ஒரு வார்த்தைகூடப் பொய் இல்லை. அந்த உறவினர் நீதான் என்பது மட்டும் அதில் இல்லை. நீ தேடுவதற்காக எழுதிய காரணத்தை வேறு யாரோ, கடமை தவறாத ஒருவர், உண்மை என்று எடுத்துக்கொண்டார். அதனால்தான் ட்ரேசி என் வீட்டுக்கு வந்தாள். அதனால்தான் ஏத்தெரிக்கு விசா இல்லை.

நான் கேட்பது ஒன்றே ஒன்று. உன் அலுவலகத்தின் மேற்பார்வை அதிகாரியிடம் நீயே போய்ச் சொல். தானாக வந்து சொல்கிறவருக்கு ஒரு வழி வைத்திருக்கிறார்கள். நீ சொன்னால் ஒழிய அவள் பெயருக்கு எதிரே இருக்கிற அந்த வரி அழியாது.

ஏத்தெரிக்கு நேற்று எழுதினேன். நடந்ததைச் சொல்ல முடியாது. சொன்னால் சட்டம் உன் மேல்தான் பாயும். தவறு என்னுடையது, உன்னுடையது அல்ல என்று மட்டும் எழுதினேன்.

யோசித்துப் பதில் எழுது. பெத்துக்கு என் அன்பு.

உன் அப்பா,
ஹார்லன்

மேரிலாண்ட்,
ஜூலை 19

அன்பு காரெட்,

பெத் அனுப்பிய ஸ்கேன் படம் வந்தது. அதைக் குளிர்பெட்டிக் கதவில் காந்தம் வைத்து ஒட்டியிருக்கிறேன். குழந்தைக்கு லொரெய்னின் நெற்றி. உனக்குத் தெரியாவிட்டாலும் எனக்குத் தெரிகிறது.

நான் எழுதியதற்குத் தாளில் பதில் வரவில்லை. போனில்தான் பேசினாய். "பரீட்சையில பாஸாயிட்டேன் வாத்தியாரே! மார்க் ஷீட்டப் பாத்துட்டு ஒரு கேள்வி கேக்கல" என்று சிரித்தாய். ஒரு நிமிடம் எனக்குப் புரியவில்லை. அப்புறம் புரிந்தது. இரண்டு மாதத்துக்கு ஒருமுறை சட்டத்துறையிலிருந்து வந்து, தேடல்களில் சிலவற்றை எடுத்துப் பார்ப்பார்கள் என்று சொல்லியிருந்தாய். உன்னுடையது அவர்கள் கையில் வந்திருக்கிறது. காரணத்தைப் படித்திருக்கிறார்கள். சரி என்று குறித்துவிட்டுப் போய்விட்டார்கள். இனி யாரும் அதைத் திறக்க மாட்டார்கள் என்பது உன் சந்தோஷம்.

மகனே, என் கவலையே அதுதான்.

நம் பள்ளியில் வகுப்பு நடக்கும்போது வெளியே போகிற பிள்ளையின் கையில் ஒரு சீட்டு இருக்க வேண்டும். நேரமும் காரணமும் எழுதி ஆசிரியர் கையெழுத்துப் போட்டிருக்கும். தாழ்வாரத்தில் காவலுக்கு நான் நின்ற நாட்களில் எத்தனையோ சீட்டு பார்த்திருக்கிறேன். கழிப்பறை என்று எழுதியிருக்கும், போ என்பேன். அதில் பாதிப் பேர் ஜிம்முக்குப் பின்னால் சிகரெட் பிடித்தார்கள் என்பது ஊருக்கே தெரியும். நான் ஏமாளி இல்லை. ஆனால் சீட்டைப் படிக்கத்தான் என்னை நிறுத்தியிருந்தார்கள். பிள்ளையின் பின்னால் போகச் சொல்லவில்லை. உன்னைச் சரிபார்த்தவர்களும் அப்படித்தான். சீட்டு சரியாக இருந்தது.

இன்னொன்று. ட்ரேசி அன்று என் சமையலறையில் சொன்னதை உனக்கு எழுதாமல் விட்டுவிட்டேன். யார் இதைச் சொன்னது என்று கேட்டேன். "யாருன்னு எனக்கே தெரியாது சார். பேப்பர்ல வந்துது. ஆனா பிரமாதமா எழுதியிருந்தாங்க. நீங்க பாத்தா ஏ போட்டிருப்பீங்க" என்றாள். கேலியாகத்தான் சொன்னாள். எனக்குப் பெருமையாகக்கூட இருந்தது, யாரோ ஒருவர் இவ்வளவு ஒழுங்காக எழுதுகிறாரே என்று. எழுதியவனுக்கு எழுதக் கற்றுக்கொடுத்தது நான். முதலில் சொல்ல வந்ததைச் சொல், அடுத்து காரணம், அதற்கு அடுத்து சான்று, ஒரு வார்த்தை கூடுதலாக வேண்டாம் என்று உன் கட்டுரைகளில் சிவப்பு மையால் எழுதி எழுதித் திருத்தினேன். நன்றாகத்தான் படித்திருக்கிறாய்.

அரசாங்கம் வெளியிடும் அறிக்கையை நூலகத்தில் உட்கார்ந்து படித்தேன். பக்கத்துக்குப் பக்கம் கறுப்புப் பட்டை. தவறுகளின் விகிதம் போட்டிருக்கிறார்கள், மிகச் சிறிய எண். பரவாயில்லையே என்று எவரும் சொல்வார்கள். நானும் வகுப்பில் சொல்லியிருக்கிறேன்: நம் நாட்டில் ரகசியத்துக்கும் ஒரு நீதிமன்றம் உண்டு, அந்த நீதிமன்றத்துக்கும் கணக்குக் கேட்க ஆள் உண்டு என்று. அதை இன்னும் நம்புகிறேன். ஆனால் அடுத்த வருட அறிக்கையில் சரி என்று எண்ணப்படுபவற்றில் நாமும் இருப்போம். தவறுகளில் இருக்க மாட்டோம்.

ஏத்தெரிக்கு வேலை போய்விட்டது. தூதரகத்தில் அவளிடம் முதலாளியைப் பற்றிக் கேட்டார்களாம். திரும்பி வந்ததும், ஒளிக்க என்ன இருக்கிறது என்று, அதை அப்படியே முதலாளியிடம் சொல்லியிருக்கிறாள். அவள் அப்படிப்பட்டவள். அமெரிக்கர்கள் விசாரிக்கிற ஆள் என் அலுவலகத்தில் வேண்டாம் என்று சொல்லிவிட்டான். துறைமுகத்தில் வேறு எந்தக் கப்பல் அலுவலகமும் அவளை எடுக்கவில்லை. அறுபத்தாறு வயதில், நேர்மையாக இருந்ததற்கு இது.

கார் நிறுத்துமிடத்தில் நீ சொன்னது ஒன்று எனக்குத் திரும்பத் திரும்ப வருகிறது. "சட்டப்படி பாத்தா பாதிக்கப்பட்டது நீதான்பா. அவங்களுக்கு ஒண்ணும் ஆகல. அவங்க வெளிநாட்டுக்காரங்க" என்றாய். சட்டம் அப்படித்தான் சொல்கிறது, நானே சொல்லிக்கொடுத்தேன். தவறு எனக்கு நேர்ந்தது. நான் என் சமையலறையில் காப்பி குடித்துக்கொண்டிருக்கிறேன். ஒன்றும் நேராதவள் பத்தூமியில் வேலை தேடுகிறாள்.

போனில் பாஸ் என்று இனிச் சொல்லாதே.

அப்பா

மேரிலாண்ட்,
செப்டம்பர் 14

அன்பு மகன் காரெட்டுக்கு,

பெத்துக்கு இது எட்டாம் மாதம். இடப்பக்கம் சாய்ந்து படுக்கச் சொல். நேற்று அவளாகவே கூப்பிட்டாள். "மாமா, உங்க பிள்ளைக்கு என்ன ஆச்சு? தொட்டில் மாட்ட உக்காந்தா ஸ்க்ரூவக் கையில வச்சுக்கிட்டு ஒரு மணி நேரம் சுவத்தப் பாத்துட்டு இருக்காரு. நானே மாட்டிட்டேன், நாலு ஸ்க்ரூ மிச்சம்" என்றாள். சிரித்துக்கொண்டே ஆரம்பித்தாள், முடிக்கும்போது குரல் மாறிவிட்டது. எனக்குத் தெரியாதம்மா என்றேன். என் மருமகளிடம் நான் சொன்ன முதல் பொய் அது. மிச்சமிருக்கிற திருகாணிகள் எங்கே போக வேண்டும் என்று தயவுசெய்து பார். குழந்தை படுக்கிற இடம்.

உன் கடிதம் கிடைத்தது. நான்கு மாதம் காத்து வந்த ஒரு பக்கம். பல முறை படித்தேன். வேலை போகும், ரகசியங்களைப் பார்க்கும் அனுமதி போகும், வழக்குக்கூட வரலாம், என்னிடம் சொன்னதும் சேர்ந்து குற்றமாகும் என்று எழுதியிருக்கிறாய். எல்லாம் உண்மை. இல்லை என்று நான் ஒரு வரி எழுத மாட்டேன். "ஒரு பொம்பளைக்கு விசா கிடைக்காததுக்காக என் குழந்தைய நடுத்தெருவுல விடச் சொல்றியா?" என்று கேட்டிருக்கிறாய். நியாயமான கேள்விதான்.

ஆனால் ஒன்று சொல்கிறேன். விசா போனால் போகட்டும். அவளும் நானும் இந்த வயதில் கடிதத்திலேயே காலத்தைக் கழித்துவிடுவோம். அந்த வரி அதோடு நிற்கவில்லை, காரெட். இன்னொரு நாட்டின் மேசைக்கும் போய்விட்டது என்று நினைக்கிறேன். போன மாதம் அவள் வீட்டுக்கும் இரண்டு பேர் வந்திருக்கிறார்கள். அவர்கள் காப்பி குடிக்கவில்லை. என் கடிதங்கள் முழுவதையும், அம்மாவுடையதையும் சேர்த்து, எடுத்துப்போய்விட்டார்கள். அமெரிக்காவில் இவ்வளவு நெருக்கமாக உனக்கு யார், எதற்கு என்று கேட்டார்களாம். அங்கே அவளைக் கேட்பவர்கள் காரணம் எழுதும் கட்டத்தைக்கூட நிரப்ப வேண்டியதில்லை.

இதையெல்லாம் பக்கத்து வீட்டுக்காரியின் பெயரில் வந்த ஓர் அஞ்சல் அட்டையிலிருந்து தெரிந்துகொண்டேன். கடைசியில் அவள் எழுதியிருந்தது இது: "உன்னிடம் வர இறக்கி வைத்த பயணப்பெட்டியைத் திரும்ப அலமாரியின் மேல் ஏற்றிவிட்டேன். இனி எனக்கு எழுதாதே, உனக்கு நல்லதல்ல." தன்னால் எனக்குத் தொந்தரவு வந்துவிடும் என்று பயப்படுகிறாள்! ஆறு மாதமாகத் தன் வாழ்க்கையை வரிவரியாகத் தடவிப் பார்த்து, எங்கே தவறினோம் என்று தேடிக்கொண்டிருக்கிறாள். அவள் தேடுவது அங்கே இல்லை. உன்னிடமும் என்னிடமும் இருக்கிறது.

அதனால் போன திங்கட்கிழமை, மேற்பார்வை அதிகாரிக்கு அனுப்பும் முறையீட்டுப் படிவத்தை வாங்கி வந்தேன். நான் அமெரிக்கன், தவறு எனக்கு நேர்ந்தது என்று சட்டம் சொல்கிறது, ஆகவே முறையிட எனக்கு உரிமை உண்டு. பெயர், முகவரி எழுதினேன். பாதிக்கப்பட்டவர் என்ற இடத்தில் என் பெயரை எழுதினேன். பக்கத்திலேயே அவள் பெயரையும் எழுதினேன். அங்கே அதற்கு இடமில்லை, ஓரத்தில் எழுதினேன். அடுத்த கேள்வி: இந்தத் தகவல் உங்களுக்கு எப்படித் தெரிந்தது? அதில் பேனா நின்றுவிட்டது. படிவம் மூன்று நாள் குளிர்பெட்டிக் கதவில், உன் குழந்தையின் படத்துக்குப் பக்கத்தில், அதே காந்தத்தில் தொங்கியது. காலையில் பால் எடுக்கத் திறக்கும்போதெல்லாம் இரண்டும் சேர்ந்து ஆடும்.

நான் அதை அனுப்பப்போவதில்லை. பயந்து அல்ல. என் மகனைப் பற்றி நான் எழுதிய தாளை வேறு யாரோ படிப்பது ஒருமுறை நடந்தது போதும்.

ட்ரேசியைப் போன வாரம் கடையில் பார்த்தேன். நண்டு மசாலா டப்பாவைக் கையில் வைத்துக்கொண்டு, "என்ன சார், அந்த அம்மா தொல்லை ஒழிஞ்சுதா?" என்று கேட்டாள். நல்ல பெண், அக்கறையாகத்தான் கேட்டாள். ஒழிந்தது என்றேன். வண்டியைத் தள்ளிக்கொண்டு வெளியே வந்த பிறகுதான், நான் வாங்க வந்ததை வாங்கவே இல்லை என்று தெரிந்தது.

இந்த உறையில் அந்தப் படிவம் இருக்கிறது. நான் எழுதியதை வெள்ளை மையால் அழித்துவிட்டேன், ஓரத்தில் இருக்கிற அவள் பெயரைத் தவிர. கூடவே முகவரி எழுதித் தபால்தலை ஒட்டிய உறை. அதில் ஒரு கட்டம் இருக்கிறது, என்ன நடந்தது, ஏன் நடந்தது என்று எழுதச் சொல்லி. நான் உன்னிடம் திருத்தித் திருத்திச் சொல்லிக்கொடுத்த முறையெல்லாம் அங்கே வேண்டாம். சான்று வேண்டாம், ஒழுங்கு வேண்டாம். அப்பாவை அவள் என்னிடமிருந்து எடுத்துக்கொண்டு போய்விடுவாளோ என்று பயந்தேன் என்று எழுது. அதுதானே உண்மை? கார் நிறுத்துமிடத்தில் நீ அழுதபோது எனக்கு அது கேட்டது. எழுத்துப் பிழை இருந்தாலும் பரவாயில்லை.

பெத்திடம் முதலில் சொல். இவ்வளவு தனியாக யாரும் சுமக்கக் கூடாது. அவள் உன்னைவிடத் திடமானவள், தொட்டிலையே மாட்டிவிட்டாளே.

உன் பழைய அறையில் ஒழுகுவது நின்றுவிட்டது. சுவருக்கு வெள்ளை அடித்தேன், கட்டிலை நகர்த்தித் தொட்டிலுக்கு இடம் விட்டிருக்கிறேன். ஜன்னலில் பெயிண்ட் காய்ந்து ஒட்டிக்கொண்டிருந்தது, கத்தியால் சுரண்டித் திறந்துவிட்டேன். அடுத்த மாதமோ, அடுத்த வருடமோ, வேலையோடோ வேலை இல்லாமலோ, நீங்கள் மூன்று பேரும் எப்போது வந்தாலும் முன்கதவு பூட்டியிருக்காது. நீ என்ன செய்தாலும் நீ என் பிள்ளை; அதற்கு நீ எந்தக் கட்டத்திலும் காரணம் எழுத வேண்டியதில்லை.

ஏத்தெரி எழுதாதே என்றாலும் நான் எழுதத்தான் போகிறேன். பக்கத்து வீட்டுக்காரியின் பெயருக்கு அனுப்புவேன். தாளை எடுத்து அவள் பெயரை எழுதி வைத்திருக்கிறேன். அதற்கு அடுத்த வரியை எழுத, நீ அந்த உறையைத் தபாலில் போட்டாய் என்று எனக்குத் தெரிய வேண்டும்.

நீயும் பெத்தும் பிறக்கப்போகும் பிள்ளையும் நன்றாயிருங்கள்.

காத்திருக்கும்,
அப்பா